நாணயம் சுண்டி ஏறிய விமானம்

ரிச்சி வேலன்ஸ் சாகும்போது வயசு 17. என்னைவிட ஒண்ணு கம்மி. அதனால 'அவன்' என்றே எழுதுகிறேன்.

1941-ல் லாஸ் ஏஞ்சல்ஸில், மெக்சிக வம்சாவளி ஏழை வீட்டில் பிறந்தான். சின்ன வயசிலேயே அப்பா போய்விட்டார். இடதுகைக்காரன், ஆனாலும் வலதுகைக் கிட்டாரிலேயே பழகினான். 1958-ல் 'டோனா', 'லா பம்பா' ஒரே இசைத்தட்டில் வந்து பிச்சு உதறின. ஸ்பானிஷ் சரியாகத் தெரியாமலே 'லா பம்பா' பாடினான்! வந்த காசில் அம்மாவுக்கு வீடு வாங்கினான். இதைப் படிச்சப்போ வாடகை வீட்டிலிருக்கும் எங்கம்மா ஞாபகம்தான்.

விமானம்னாலே அவனுக்குப் பயம். 1957-ல் நடுவானில் மோதிய விமானம் அவன் பள்ளி மைதானத்தில் விழுந்து மாணவர்கள் செத்தார்கள். தாத்தா சாவுக்குப் போயிருந்ததால் தப்பினான். அப்படிப்பட்டவன்தான் 1959 பிப்ரவரி 3-ல், கச்சேரி பஸ்ஸின் குளிர் தாங்காமல், நாணயம் சுண்டி ஜெயித்துச் சின்ன விமானத்தில் இடம் பிடித்தான். அயோவாவில் அது விழுந்தது. பட்டி ஹாலியும் கூடவே போனார். முதல் இசைத்தட்டு வந்து ஒரு வருஷம்கூட ஆகலை.