சிரிக்க வைத்துத் திருத்திய கலைவாணர்

கசக்கும் மருந்தைத் தேனில் குழைத்துத் தருவது நம் நாட்டு மருத்துவர் வழக்கம். அவ்வழக்கத்தைத் திரையில் கையாண்டவர் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன்.

1908 நவம்பர் 29ஆம் நாள் நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் வறிய குடும்பத்தில் பிறந்தார். பள்ளிப் படிப்பு இளமையிலேயே நின்றது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற சிறுவனை மேடை ஈர்த்துக்கொண்டது, டி.கே.எஸ். சகோதரர்களின் குழுவே அவருக்குக் கல்லூரியாயிற்று.

அவருடைய தொடக்ககாலப் படங்களுள் ஒன்று 1936இல் வெளிவந்த 'சதி லீலாவதி'. குடியால் வாழ்விழந்தவன் இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழலும் கதை அது. குன்னூர், வெலிங்டன் மலைச்சரிவுகளின் தோட்டத் தொழிலாளர் குடும்பங்களை அறிந்த நமக்கு அக்கதை அயலாகத் தோன்றுவதில்லை.

1944இன் இறுதியில் இலட்சுமிகாந்தன் கொலை வழக்கில் தியாகராஜ பாகவதரோடு கைதாகி, ஆயுள் தண்டனை பெற்றார். இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்ற வழக்கு, 1947இல் விடுதலையில் முடிந்தது. பாகவதரின் புகழ் அதன்பின் மீளவேயில்லை. கிருஷ்ணனோ, துணைவியார் டி.ஏ. மதுரத்தின் உறுதியால் தலைநிமிர்ந்தார். சிறை அவர் நகைச்சுவையைக் கசப்பாக்கவில்லை என்பதே நமக்குப் பெருவியப்பு.

1948 அக்டோபர் 2 முதல் சென்னை மாகாணம் முழுவதும் மதுவிலக்கு நடைமுறைக்கு வந்தது. மறு ஆண்டே, அறிஞர் அண்ணா எழுதிய 'நல்லதம்பி' வெளிவந்தது. குடியின் கேட்டைப் பாட்டாலும் பகடியாலும் அதில் காட்டினார் கிருஷ்ணன். ஒடுக்கப்பட்ட சிறுவனின் கல்வி வேட்கையைக் கூறும் 'கிந்தனார்' கதாகாலட்சேபமும் அப்படத்தில்தான் இடம்பெற்றது. அந்நாளில் அரசின் செய்திப்படங்களும் நலவாழ்வைப் போதித்தன. திரையரங்குகள் அவற்றைக் கட்டாயமாகக் காட்டின. அவை முடியட்டும் என்று வெளியே நின்றவர் பலர். கலைவாணர் தோன்றும்போது யார்தான் எழுந்து சென்றார்? சிற்சில இடங்களில் உபதேசம் மிகுந்துவிட்டது உண்மையே. எனினும், அறிவுரையைக் காசு கொடுத்துக் கேட்கச் செய்தவர் அவரன்றி வேறு எவர்?

ஈட்டியதை எல்லாம் கேட்டவர்க்கு ஈந்து, கையில் பொருளின்றி 1957 ஆகஸ்ட் 30ஆம் நாள் சென்னையில் மறைந்தார். அப்போது வயது 48.

1969 சனவரி 14ஆம் நாள், கடும் நோயுற்றிருந்த முதல்வர் அண்ணா, தியாகராயநகரில் கலைவாணர் சிலையைத் திறந்துவைத்தார். அண்ணா கலந்துகொண்ட இறுதிப் பொது நிகழ்ச்சி அது. தம் ஆட்சியில் மதுவிலக்கை அவர் விட்டுக்கொடுக்கவில்லை. 1971இல் அது தளர்த்தப்பட்டது.