நடிகர் திலகமும் நாகசுரமும்

விழுப்புரத்தில் 1928ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் முதல் நாள் பிறந்தவர் கணேசன். இளமையிலேயே நாடகக் குழுவிற் சேர்ந்து பாட்டும் ஆட்டமும் உரையாடலும் பயின்றார். அறிஞர் அண்ணா இயற்றிய நாடகமொன்றில் மராட்டிய மன்னர் சிவாஜியாகத் தோன்றிய அவருக்குப் பெரியார் அப்பெயரையே சூட்டினார். 1952இல் வெளிவந்த ‘பராசக்தி’யில் அவர் பேசிய பேச்சு நாடெங்கும் பரவியது.

பேச்சாற் புகழ்பெற்ற அந்நடிகருக்குப் பேசா வாயுடன் நடிக்கும் கடமையும் ஒருமுறை வாய்த்தது. திரைப்படத்தில் இசையை முதலிற் பதிவு செய்வர். பின் அதனை ஒலிக்கச் செய்து நடிகரைப் படமெடுப்பர். இசைப்பவர் ஒருவர், இசைப்பவராகத் தோன்றுபவர் மற்றொருவர். 1965இல் வந்த ‘திருவிளையாடல்’ படத்தில் ஒரே பாடலிற் பாடகராகவும், வீணை, குழல், மிருதங்கம் இசைப்பவராகவும், ஜதி சொல்பவராகவும் ஐந்து உருவில் கணேசன் தோன்றினார். அங்கே இசைத்தவர் இறைவன்; விரல் சிறிது பிழைத்தாலும் காண்போர் பொறுத்திருப்பர். 1968இல் வந்த ‘தில்லானா மோகனாம்பா’ளில் அவ்வாறு தப்ப வழியில்லை. கொத்தமங்கலம் சுப்பு படைத்த சிக்கல் சண்முகசுந்தரம் நாகசுர வித்துவான். கோயில் விழாவிலும் திருமணத்திலும் நாகசுரத்தைக் கண்டும் கேட்டும் பழகிய மக்கள், சிறு பிழை நேரினும் நகைத்துவிடுவர் அன்றோ?

நாகசுரமோ அருங்கருவி. விரல் பதியும் துளைகள் 7. அவற்றை மூடித் திறப்பதனால் மட்டும் இராகம் பிறந்துவிடாது. சீவாளியை உதடுகள் அழுத்தும் அளவும் மூச்சின் விசையும் மாறமாறவே கமகங்கள் நுணுகி வரும். ஆதலின் வித்துவானின் கன்னமும் கழுத்து நரம்பும் இசையோடு இயங்கும். விரலசைவை மட்டும் பழகிய நடிகர் பொம்மையாகவே தோன்றுவார்.

படத்திற்கு நாகசுரம் வாசித்தோர் மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி என்னும் உடன்பிறந்தார். அவர்கள் வாசிப்பதைக் கணேசன் உற்று நோக்கினார். கருவியை ஏந்தும் நிமிர்வு, மூச்சு வாங்கும் இடம், கன்னம் உப்பித் தணியும் ஒழுங்கு, துணை வாசிப்பவருக்கு இடங்கொடுத்து ஓரக்கண்ணாற் பார்க்கும் பார்வை ஆகிய யாவும் படத்திற் காணக் கிடைக்கின்றன. இவற்றுள் கடைசியாகச் சொன்னதே அரியது. வித்துவான்களோடு பழகியவர்க்கன்றிப் பிறர்க்கு அது புலப்படாது.

நஞ்சு தோய்ந்த கத்தியாற் குத்துண்டு தேறிய சண்முகசுந்தரம் மீண்டும் வாசிக்கின்றார். எதிரே ஆடும் மோகனா பாட்டினாலேயே நலம் கேட்கின்றாள். விடைசொல்ல வாயில்லை, அது சீவாளியிற் பொருந்தியுள்ளது. சைகை காட்டக் கையில்லை, அவை துளைகளின் மேல் உள்ளன. எஞ்சியவை கண்களே. அவை கலங்குகின்றன, ஆயினும் விரல்கள் தாளம் பிசகவில்லை.

கணேசன் 2001ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 21ஆம் நாள் சென்னையிற் காலமானார்.