மகனுக்குப் பள்ளி, மகளுக்கு அடுப்படியா? வீடு வீடாகப் போன சோஃபியா பிளாக்மோர்

புக்கிட் தீமா பக்கம் போனால் பிளாக்மோர் டிரைவ் என்ற சாலையைப் பார்க்கலாம். மெதடிஸ்ட் பெண்கள் பள்ளி இருப்பது அங்கேதான். அது தமிழ்ப் பெண்கள் பள்ளியாகத் தொடங்கியது என்பது உங்களுக்குத் தெரியுமா?

யார் இந்த பிளாக்மோர்?

1857இல் ஆஸ்திரேலியாவில் பிறந்தவர். 1887 ஜூலையில் மெதடிஸ்ட் சமய ஊழியராகச் சிங்கப்பூர் வந்தார். அப்போது வயது 29.

அன்றைய நிலைமை என்ன?

ஆண்பிள்ளை குடும்பத்தைத் தாங்குவான், பொம்பளைப் பிள்ளை இன்னொரு வீட்டுக்குப் போகிறவள். பல சமூகங்களில் இதுதான் கணக்கு. தென்சீனாவில் வறுமையில் வாடிய சில குடும்பங்கள் மகள்களை விற்றன. மூய் சாய் எனப்பட்ட அந்தச் சிறுமிகளில் பலர், சிங்கப்பூர் வீடுகளில் சம்பளம் இல்லாமல் வேலை செய்தார்கள். வசதியான பெரானக்கான் வீட்டுப் பெண்களுக்கும் சுதந்திரம் இல்லை. வயதுக்கு வந்தால் கல்யாணம் வரை வீட்டுக்குள்தான்.

1886இல் ஆங்கிலோ சீனப் பள்ளி 13 பையன்களுடன் தொடங்கியிருந்தது. பெண்களுக்கோ ஒருசில பள்ளிகள்தான்.

பிளாக்மோர் என்ன செய்தார்?

தங்கள் மகள்களும் படிக்கணும் என்று விரும்பிய தமிழ் வணிகர்கள் சிலர் கைகொடுத்தார்கள். 1887 ஆகஸ்ட்டில் ஷார்ட் ஸ்ட்ரீட்டில் ஒரு கடைவீட்டில் பள்ளி திறந்தது. மாணவிகள் 9 பேர்.

பெரானக்கான் வீடுகளில் அவ்வளவு எளிதாக நடக்கவில்லை. அவர் மலாய் கற்றுக்கொண்டு வீடு வீடாகப் போனார். எங்க பெண்கள் சம்பளத்துக்கு வேலைக்கா போகப் போகிறார்கள் என்று தாய்மார்கள் கேட்டார்கள். அவர் திரும்பத் திரும்பப் போனார். 1888இல் தெலுக் ஆயர் வட்டாரத்தில் இன்னொரு பள்ளி உருவானது. இன்றைய ஃபேர்ஃபீல்ட் மெதடிஸ்ட் பள்ளிகளின் தொடக்கம் அது. அவர் நடத்திய விடுதி, ஆதரவில்லாத சிறுமிகளுக்கும் வீடானது.

பிறகு?

சுமார் 40 ஆண்டு இங்கே உழைத்துவிட்டு ஆஸ்திரேலியா திரும்பினார். 1945இல் காலமானார். மூய் சாய் முறையைக் கட்டுப்படுத்தும் சட்டம் 1932இல்தான் இங்கு நிறைவேறியது. அதற்குள் அவரிடம் படித்த பலர், தங்கள் மகள்களையும் பள்ளிக்கு அனுப்பும் வயதுக்கு வந்துவிட்டார்கள்.

இன்று வீட்டுக்குப் போனதும் பாட்டியிடம் ஒன்று கேட்டுப் பாருங்கள். அவர் எத்தனையாவது வரை படித்தார்? அவருடைய அண்ணன் தம்பிகள் எத்தனையாவது வரை படித்தார்கள்?