இரு களம் கண்ட கோபாலன்

ஓர் ஆட்டத்தில் தேர்ச்சி பெற்று, நாட்டின் சார்பாக ஆடும் தகுதியை அடைதலே அரிது. இரண்டு ஆட்டங்களில் அத்தகுதியை அடைதல் அதனினும் அரிது. கிரிக்கெட்டு, ஹாக்கி என்னும் இரண்டிலும் அவ்வரிய பேற்றினைப் பெற்ற தமிழர், எம். ஜே. கோபாலன் ஆவார்.

செங்கற்பட்டுப் பகுதியைச் சேர்ந்த மொறப்பாக்கம் என்னும் சிற்றூரில், 1909ஆம் ஆண்டு சூன் திங்கள் 6ஆம் நாள் கோபாலன் பிறந்தார். எனினும், அவரை வளர்த்து ஆளாக்கிய இடம் சென்னைத் திருவல்லிக்கேணியே. அதன் அண்மையில்தான் சேப்பாக்கம் ஆடுகளம் உள்ளது. அக்காலத்தில் அக்களம் ஆங்கிலேயர் சங்கத்தின் ஆட்சியில் இருந்தது. நம்மவரும் ஆங்கிலேயர்க்கு நிகராக ஆடுதல் வேண்டும் என்று எண்ணிய மயிலாப்பூர் புச்சிபாபு நாயுடு, 1888ஆம் ஆண்டில் ஒரு சங்கம் நிறுவினார். அவருடைய முயற்சியின் பயனாகவே, இந்தியரும் ஐரோப்பியரும் எதிரெதிர் நின்று ஆடும் போட்டி சென்னையில் தோன்றிப் பின்னர்ப் பொங்கற் காலத்துப் பெருவிழாவாக வளர்ந்தது. இவ்வாறு முன்னோர் திறந்து வைத்த வாயிலின் வழியே இளைஞர் கோபாலன் களம் புகுந்தார்.

அவர் விரைந்து பந்து வீசுவதில் வல்லவர். அவ்வாற்றலை முதலில் கண்டுணர்ந்தவர், எதிரணியில் ஆடிய சி. பி. ஜான்ஸ்டன் என்னும் ஆங்கிலேயர். பர்மா ஷெல் நிறுவனத்தில் பணியாற்றிய அவர், கோபாலனுக்கு அங்கே ஓர் அலுவலும் கிடைக்கச் செய்தார். பகைவரிடத்தும் திறமையைக் காணும் பண்பு விளையாட்டினால் விளையும் நன்மைகளுள் ஒன்றன்றோ?

1934ஆம் ஆண்டு சனவரியில், கல்கத்தா நகரில் இங்கிலாந்து அணியை எதிர்த்து இந்தியாவின் சார்பாகக் கோபாலன் ஆடினார். அடுத்த திங்களில் சேப்பாக்கத்தில் முதன்முதலாக ஒரு டெஸ்ட் ஆட்டம் நடைபெற்றது. தம் இல்லத்திற்கு அண்மையில் நிகழ்ந்த அவ்வாட்டத்தில் அவருக்கு இடம் கிட்டவில்லை. ஆயினும், அதே ஆண்டு நவம்பர் 4ஆம் நாள் ரஞ்சிக் கோப்பைப் போட்டியின் முதல் ஆட்டம் அக்களத்திலேயே தொடங்கியபோது, முதற்பந்தை வீசும் பெருமை அவரையே சார்ந்தது. அன்று சென்னை அணி மைசூர் அணியை ஒரே நாளில் வென்றது.

1935ஆம் ஆண்டில், தியான் சந்த் தலைமையில் நியூசிலாந்து சென்ற இந்திய ஹாக்கி அணியில் அவர் இடம் பெற்றார். இவ்வாறு, இருபத்தாறு வயதிற்குள் இரு துறையிலும் நாட்டின் பெயரைத் தாங்கினார்.

அதற்கு அடுத்த ஆண்டு அவர் வாழ்வில் ஒரு சோதனை வந்தது. ஹாக்கி வீரர் ஒலிம்பிக்குப் போட்டிக்காகப் பெர்லின் நகருக்குப் புறப்பட இருந்தனர். கிரிக்கெட்டு வீரர் இங்கிலாந்திற்குப் புறப்பட இருந்தனர். இரண்டும் ஒரே கோடையில் நிகழ்வன. இரண்டிற்கும் செல்லும் தகுதி கோபாலனுக்கு இருந்தது. ஆயினும் ஒன்றையே தெரிந்தெடுத்தல் இயலும். அவர் கிரிக்கெட்டைத் தெரிந்தெடுத்தார்.

இங்கிலாந்தில் மூன்று டெஸ்ட் ஆட்டங்கள் நடைபெற்றன. ஒன்றிலேனும் அவருக்கு இடம் அளிக்கப்படவில்லை. அணித் தலைவரிடத்தும் வீரரிடத்தும் ஒற்றுமை குன்றியிருந்த காலம் அது. அவருடன் சென்ற மற்றொரு சென்னை வீரர், புச்சிபாபுவின் மைந்தர் இராமசாமி, தம் நாற்பதாம் வயதில் மான்செஸ்டரில் நன்கு ஆடிப் புகழ் பெற்றார். கோபாலனோ களத்திற்கு வெளியே அமர்ந்திருந்தார். அதே ஆகஸ்டுத் திங்களில் பெர்லினில் இந்திய ஹாக்கி அணி செருமனியை எட்டுக்கு ஒன்று என்னும் கணக்கில் வென்று பொற்பதக்கம் பெற்றது. கையெட்டும் தொலைவில் இருந்த பதக்கம் கைநழுவிப் போயிற்று. அதன்பின் ஒரு டெஸ்ட் ஆட்டத்திலும் அவருக்கு வாய்ப்பு வரவில்லை.

இத்தகைய இழப்பு வேறொருவரைச் சோர்வடையச் செய்திருக்கும். கோபாலனோ சென்னைக்குத் திரும்பினார். மீண்டும் பந்தைக் கையிலெடுத்தார். 1951-52ஆம் ஆண்டுப் பருவம் வரை களத்தை விட்டு நீங்கினாரல்லர். முதல்தர ஆட்டங்களில் அவர் வீழ்த்திய விக்கெட்டுகள் 194. பின்னர், இந்திய அணியைத் தேர்ந்தெடுக்கும் குழுவிலும் பணியாற்றினார். முன்னர்த் தேர்வுக்காகக் காத்திருந்தவர், பிறரைத் தேரும் பொறுப்பினை ஏற்றார்.

அவர் பெருமையைப் போற்றும் வகையில், சென்னைக்கும் இலங்கைக்கும் இடையே கோபாலன் கோப்பைப் போட்டி 1952-53ஆம் ஆண்டுப் பருவத்தில் தொடங்கப்பெற்றது. டெஸ்ட் தகுதி பெறுமுன் இலங்கை வீரர்க்கு அது சிறந்த பயிற்சிக் களமாக விளங்கியது. தமக்குக் கிட்டாத வாய்ப்பு, தம் பெயரால் பிறர்க்குக் கிட்டியது. 2003ஆம் ஆண்டு திசம்பர் 21ஆம் நாள், தொண்ணூறு வயதைக் கடந்த நிலையில் அவர் மறைந்தார்.

மாணவர்களே! இரு வழிகள் பிரியும் இடத்தில் எது நற்பயன் தரும் என்பதை முன்னரே அறிதல் எவர்க்கும் இயலாது. தெரிந்தெடுத்த வழி பயன் தராதபோதும் கடமையைக் கைவிடாதிருத்தல் நம்மால் இயலும். பதக்கத்தை இழந்தும் ஆட்டத்தை இழக்காத கோபாலனின் வாழ்வு நமக்கு உணர்த்துவது இதுவே.