மொர்தெசா ஹன்னானே: பாரசீக மெட்டுக்கு ஹார்மனி தேடியவர்

1980களின் இறுதியில் ஈரானில் தொலைக்காட்சி பார்த்தவர்களுக்கு ‘ஹெசார் தஸ்தான்’ தொடரின் தொடக்க இசை மறக்காது. பழைய தெஹ்ரானைக் கண்முன் நிறுத்திய அந்தத் தொடரை இயக்கியவர் அலி ஹாதமி. இசை, மொர்தெசா ஹன்னானே. அப்போது அவர் அறுபதைக் கடந்திருந்தார். வாழ்நாள் முழுவதும் அவரை விடாத ஒரு கேள்வி அந்தச் சிறிய இசைக்குள் இருந்தது.

ஹன்னானே 1923இல் தெஹ்ரானில் பிறந்தார். இசைக்கல்லூரியில் அவர் கற்றது ஹார்ன் எனும் ஐரோப்பிய ஊதுகருவி. 1950களின் தொடக்கத்தில் தெஹ்ரான் சிம்பொனி இசைக்குழுவை நடத்தினார். பிறகு மேற்படிப்புக்காக இத்தாலி சென்றார். ரோமில் இருந்தபோது இத்தாலியப் படங்களுக்குப் பாரசீக மொழியில் பின்னணிக் குரலும் கொடுத்தார். (இசை மாணவருக்கு நல்ல பகுதிநேர வேலைதான்!) நாடு திரும்பியபின், 1960களில் வானொலியில் ஃபாராபி இசைக்குழுவை உருவாக்கினார்.

அந்தக் கேள்விக்கு வருவோம். பாரசீக இசை ஒரே மெட்டின் வழியே நகர்வது. ஐரோப்பிய இசையோ பல சுரங்களை ஒரே நேரத்தில் ஒலிக்க வைக்கும், அதுதான் ஹார்மனி. இரண்டையும் எப்படிச் சேர்ப்பது?

கீபோர்டு வாசிப்பவர்களுக்குச் சிக்கல் எளிதில் புரியும். ஒன்றாம், மூன்றாம், ஐந்தாம் சுரங்களைச் சேர்த்து அழுத்தினால் ஒரு கார்டு கிடைக்கும். ஆனால், பாரசீக இசையின் சில சுரங்கள் இரண்டு கட்டைகளுக்கு நடுவே விழுகின்றன. மூன்றாம் சுரமே அப்படி அமைந்தால் அந்தக் கார்டு மேஜரும் இல்லை, மைனரும் இல்லை. சுரத்தைச் சற்றே நகர்த்திச் சரிசெய்யலாம். ஆனால் மெட்டின் உயிர் போய்விடும்.

மெட்டை மாற்றாமல் ஹார்மனியை மாற்றலாமே என்று யோசித்தார் ஹன்னானே. மூன்று, ஐந்து என்ற ஒற்றைப்படை இடைவெளிகளை விட்டுவிட்டு, இரண்டு, நான்கு, ஆறு என்று சுரங்களை அடுக்கினார். அந்த முறைக்குப் பெயரே ‘இரட்டைப்படை ஹார்மனி’. கேட்கக் கணக்குப் பாடம் போல இருக்கிறது. எனக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியது.

1979 புரட்சிக்குப் பிறகு ஈரானில் இசைக்குக் கடும் கட்டுப்பாடுகள் வந்தன. வாத்தியங்களைத் தொலைக்காட்சியில் காட்டுவதே அரிதாகிவிட்டது. ஆனால் ஒரு தொடரின் பின்னணியில் இசை ஒலிக்கத் தடையில்லை. அந்த வழியாகத்தான் ஹன்னானேயின் இசை வீடுகளுக்குள் வந்தது.

‘ஹெசார் தஸ்தான்’ தொடக்க இசையின் மெட்டு அவருடையது அன்று. தார் என்னும் நீண்ட கழுத்துடைய நரம்புக் கருவியை வாசித்த மொர்தெசா நெய்தாவூத், பல ஆண்டுகளுக்கு முன்பு இஸ்ஃபஹான் என்ற பண்ணில் அமைத்த முன்னிசை அது. இருவருக்கும் ஒரே முதற்பெயர் என்பது தற்செயல். தார் நரம்புகளுக்காகப் பிறந்த மெட்டைப் பெரிய இசைக்குழுவுக்கு விரித்து எழுதினார் ஹன்னானே. இணையத்தில் இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். மெட்டு அப்படியே இருக்கும். அதைச் சுற்றி நிற்கும் ஒலிகள்தான் வேறு.

தொடர் முடிந்து சிறிது காலத்தில், 1989இல், ஹன்னானே காலமானார். நெய்தாவூத் அடுத்த ஆண்டு மறைந்தார்.