சங்கத்துக்குச் சட்டம் தேடியவர்: பிலிப் குணவர்த்தன

மக்கள் ஒன்று கூடிச் சங்கம் அமைத்தல் எளிது. அச்சங்கத்தின் குழுவை யார் தேர்ந்தெடுப்பது, தேர்தலை ஒரு சாரார் புறக்கணித்தால் அக்குழு செல்லுமா, பிணக்கு நேர்ந்தால் தீர்ப்பவர் யார் என்னும் கேள்விகளுக்கு விடை காண்பதே அரிது. இவ்வினாக்களோடு வாழ்நாளின் பெரும்பகுதியைக் கழித்தவர் பிலிப் குணவர்த்தன. அவர் வாழ்வை ஊவாவிலிருந்து நோக்குவோர்க்கு அதில் ஒரு பெருமையும் ஒரு வேதனையும் ஒருங்கே தென்படும்.

1901 ஜனவரி 11ஆம் நாள் அவிசாவளையை அடுத்த பொரளுகொடையில் நிலவுடைமைக் குடும்பமொன்றிலே அவர் பிறந்தார். 1915ஆம் ஆண்டுக் கலவரத்தின்போது தந்தையார் மரண தண்டனைத் தீர்ப்புக்கு ஆளாகிப் பின்னர் உயிர் தப்பினார். அந்நிய ஆட்சியின் நீதி எத்தகையது என்பதை இளம் பிலிப் வீட்டிலேயே கண்டுகொண்டார் எனலாம். கொழும்பு ஆனந்தாக் கல்லூரியிலும் பின்னர் அமெரிக்காவின் இலினோய், விஸ்கொன்சின் பல்கலைக்கழகங்களிலும் பயின்று, இலண்டனில் அரசியல் பணி புரிந்து, 1932இல் தாயகம் மீண்டார். 1935 டிசம்பரில் லங்கா சமசமாஜக் கட்சியைத் தோற்றுவித்தவர்களுள் முதன்மையானவர் அவர். அடுத்த ஆண்டே அவிசாவளைத் தொகுதியில் வென்று அரசாங்க சபை புகுந்தார்.

அக்கட்சி மலையகத்தில் கால் வைத்த காலம் கொந்தளிப்பான காலம். 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் கோவிந்தன் என்னும் தொழிலாளி பொலிஸாரின் துப்பாக்கிச் சூட்டுக்குப் பலியானார். வேலைநிறுத்த அலை ஊவாவுக்கும் பரவிற்று. அவ்வாண்டு மே மாதத்தில், பதுளையை அண்டிய வேவெஸ்ஸத் தோட்டத்தில் வியத்தகு செயலொன்று நிகழ்ந்தது. தொழிலாளர் தாமே தேர்ந்தெடுத்த சபையொன்றை நிறுவினர். தோட்டத்துரையும் அச்சபையைக் கலந்தே கருமமாற்ற இணங்கினார். துரையின் சொல்லும் கங்காணியின் பிரம்புமே சட்டமாயிருந்த இடத்தில், கொழுந்து பறிக்கும் கைகள் தம் பிரதிநிதியைச் சுட்டிக்காட்டின. ஆயினும் அச்சபைக்குச் சட்டத்தின் ஆதாரம் எதுவும் இருக்கவில்லை. பொலிஸாரின் அடக்குமுறையும், பதுளையைப் பிற பகுதிகளிலிருந்து துண்டித்த பெருவெள்ளமும் சேர்ந்து அப்போராட்டத்தை ஒடுக்கின.

1940 ஜூன் மாதத்தில் பிலிப்பும் தோழர்களும் சிறைப்பட்டனர். 1942 ஏப்ரல் 7ஆம் நாள் கண்டி போகம்பரைச் சிறையிலிருந்து தப்பி, இந்தியாவில் மறைந்து வாழ்ந்து, 1943இல் பம்பாயில் மீண்டும் பிடிபட்டார். 1947இல் நாடாளுமன்றத்துக்குத் தெரிவாகியும், வேலைநிறுத்தத் தொடர்பாகப் பெற்ற தண்டனையால் அவ்விடத்தை இழந்தார்; அவர்தம் மனைவியார் குசுமா இடைத்தேர்தலில் அதனை வென்றார். வாக்கு அளித்த தீர்ப்பைச் சட்டம் எங்ஙனம் மாற்றும் என்பதைத் தம் வாழ்விலேயே அனுபவித்தவர் அவர்.

1956இல் அவர் விவசாய, உணவு அமைச்சரானார். கிராமந்தோறும் பலநோக்குக் கூட்டுறவுச் சங்கங்களைப் பெருக்கினார். 1958ஆம் ஆண்டின் முதலாம் இலக்க நெற்காணிச் சட்டம் அவர் பெயரோடு ஒட்டியது. வாரத்துக்கு உழுவோனை வயலைவிட்டு வெளியேற்றாது காப்பதும், அவன் கொடுக்கும் வாரத்தை வரம்புக்குட்படுத்துவதும், ஊர்தோறும் தேர்ந்தெடுக்கப்பட்ட பயிர்ச்செய்கைக் குழுக்களை அமைப்பதும் அதன் நோக்கங்கள். வேவெஸ்ஸவில் சட்டமின்றி நின்ற சபைக்கு ஒப்பான ஒன்று, வயல்வெளியில் சட்டத்தோடு எழுந்தது.

ஆனால், குறை சட்டத்துக்குள்ளேயே ஒளிந்திருந்தது. குழுவில் உழவர் பிரதிநிதிகளோடு, தாமே உழாத நிலவுடைமையாளரின் பிரதிநிதிகளும் இருத்தல் வேண்டும் என அது விதித்தது. உடைமையாளர் பலர் தம் பிரதிநிதிகளைத் தேர்ந்தெடுக்கவே மறுத்தனர். அவர்கள் இல்லாத குழு சட்டப்படி அமைந்த குழுவன்று என்னும் ஆட்சேபம் எழுந்தது. வாக்களிக்காமையே வலிமை மிக்க வாக்காயிற்று! உழவர்கள் வெளியேற்றப்பட்ட செய்திகள் குவிய, அவர்களைக் காக்க வேண்டிய குழுக்கள் தம் இருப்புக்கே வாதாட வேண்டியனவாயின. 1964ஆம் ஆண்டுத் திருத்தமே அவ்வோட்டையை அடைத்தது. அப்போது பிலிப் அமைச்சராக இருக்கவில்லை.

அவர் பதவி இழந்ததும் கூட்டுறவின் பொருட்டே. 1936ஆம் ஆண்டுச் சட்டப்படி, சங்கத்தின் அலுவல் பற்றிய பிணக்கு முதலில் நீதிமன்றம் ஏறுவதில்லை. கூட்டுறவுப் பதிவாளரிடமோ அவர் நியமிக்கும் நடுவரிடமோ செல்லும். அந்நடுவரின் அதிகாரம் எத்தகையது என்னும் வாதம் 1960இல் உயர் நீதிமன்றம் வரை சென்றது. ஆகவே கூட்டுறவுத் துறை எவர் கையில் உள்ளதோ, அவர் கையில் பேரதிகாரம் உண்டு. கூட்டுறவு வங்கியொன்றை நிறுவ பிலிப் முனைந்தபோது சக அமைச்சர்கள் அஞ்சியதற்கு இதுவே காரணம் போலும். அவர்கள் ஒன்றுதிரண்டு எதிர்த்தனர், துறைகள் பறிக்கப்பட்டன, 1959 மே மாதத்தில் அவர் பதவி துறந்தார். அவர் கனவின் ஒரு கூறு 1961இல் மக்கள் வங்கியாக வேறொருவர் கையால் உருப்பெற்றது.

இனி அந்த வேதனையைச் சொல்லாது விடலாகாது. 1948, 1949ஆம் ஆண்டுச் சட்டங்கள் ஊவாத் தோட்டத் தொழிலாளரில் மிகப் பெரும்பாலோரின் குடியுரிமையையும் வாக்குரிமையையும் பறித்திருந்தன. வயலுழவனுக்குக் குழு வகுத்த 1956ஆம் ஆண்டு அரசாங்கம் தேயிலைச் செடியடியில் நின்றவர்க்கு அவற்றை மீட்டுத் தரவில்லை. சிங்களத்தைத் தனி ஆட்சிமொழியாக்கிய அரசாங்கமும் அதுவே. அதில் பிலிப் அங்கம் வகித்தார். வேவெஸ்ஸவில் தம் சபையைத் தேர்ந்த மக்கள் நாட்டின் சபையைத் தேரும் உரிமையின்றி நின்றனர். எஞ்சியிருந்த நாடற்றோர்க்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் பிறக்க 2003ஆம் ஆண்டு ஆயிற்று.

1965 முதல் 1970 வரை கைத்தொழில், மீன்பிடி அமைச்சராக இருந்த பிலிப், 1972 மார்ச் 26ஆம் நாள் காலமானார். அதே ஆண்டில் நிறைவேறிய புதிய கூட்டுறவுச் சட்டமும் பிணக்குகளைப் பதிவாளரிடமே ஒப்படைத்தது.

சட்டமற்ற சபை வெள்ளத்தோடு போயிற்று. சட்டம் பெற்ற குழு ஒரு விதியின் ஓட்டையில் சிக்கிற்று. சங்கம் நிலைக்க உறுப்பினரின் உறுதியும் வேண்டும், பழுதற்ற விதியும் வேண்டும்; யாவற்றுக்கும் முன்னே, அனைவர்க்கும் வாக்கு வேண்டும். பிலிப் குணவர்த்தனவின் வெற்றியும் தோல்வியும் நமக்கு விட்டுச் சென்ற பாடம் இதுவே.