தொலைவிலிருந்து திறந்த பூட்டு

தேக்கா சந்தையில் காய்கறி வாங்குபவர் கைத்தொலைபேசியால் பணம் செலுத்துகிறார். அந்தத் தகவல், பிறரால் படிக்க முடியாத சங்கேதக் குறியீடாக மாறி வங்கிக்குச் செல்கிறது. இத்தகைய குறியீடுகளில் எங்கே ஓட்டை இருக்கும் என்று ஆராய்ந்த முன்னோடிகளுள் ஒருவர் கணித மேதை ஆலன் டூரிங்.

அவருடைய குடும்பத்துக்குத் தமிழ் மண்ணோடு தொடர்பு உண்டு. தாயார் ஈதல் சாரா கோயம்புத்தூரை அடுத்த போத்தனூரில் பிறந்தவர். தந்தை ஜூலியஸ் சென்னை மாகாணத்தில் அரசு அதிகாரியாகப் பணியாற்றினார். ஆலன் 1912ஆம் ஆண்டு ஜூன் 23ஆம் நாள் லண்டனில் பிறந்தார். பெற்றோர் இந்தியாவில் இருந்த காலத்தில் அவரும் அண்ணனும் இங்கிலாந்தில் வேறொரு குடும்பத்தின் பராமரிப்பில் வளர்ந்தனர். கேம்பிரிட்ஜில் கணிதம் பயின்ற டூரிங், இன்றைய கணினிக்கு அடிப்படையான கருத்தை 1936இல் வெளியிட்டார். அப்போது அவருக்கு வயது 24தான்.

1939 செப்டம்பரில் இரண்டாம் உலகப்போர் மூண்டது. டூரிங் பிளெட்ச்லி பார்க் என்னும் இரகசிய நிலையத்தில் சேர்ந்தார். ஜெர்மானியப் படைகள் எனிக்மா என்ற இயந்திரத்தால் செய்திகளைச் சங்கேதமாக்கி வானொலி அலைகளில் அனுப்பின. அலைகளை யாரும் கேட்கலாம், பொருள்தான் விளங்காது. நம் சிங்கப்பூரின் கிராஞ்சியிலும் பிரிட்டிஷ் கடற்படையினர் ஜப்பானியச் செய்திகளை இவ்வாறே ஒட்டுக்கேட்டு வந்தனர்.

எனிக்மாவை அமைக்கும் வழிகளின் எண்ணிக்கை, ஒன்றைத் தொடர்ந்து இருபது சுழியங்கள் இட்டால் வரும் எண்ணைவிடப் பெரியது. அமைப்பும் நாள்தோறும் மாறியது. அதனால் அதை யாராலும் உடைக்க முடியாது என்று ஜெர்மானியர் நம்பினர். போலந்துக் கணித அறிஞர்கள் அதை முன்பே ஓரளவு உடைத்து, தங்கள் கண்டுபிடிப்புகளைப் பிரிட்டனிடம் ஒப்படைத்திருந்தனர்.

டூரிங் இரண்டு ஓட்டைகளைப் பயன்படுத்தினார். ஒன்று இயந்திரத்தில் இருந்தது: ஓர் எழுத்தை அழுத்தினால் வேறு எந்த எழுத்தும் வரலாம், அதே எழுத்து மட்டும் வராது. மற்றொன்று மனிதரிடம் இருந்தது. வானிலை அறிக்கைகளை அனுப்பியவர்கள் தினமும் ஒரே சொற்களையே பயன்படுத்தினர். ஊகித்த சொல்லைச் சங்கேதத்தின் கீழே வைத்துப் பார்ப்பார்கள். எங்காவது ஒரே எழுத்து நேருக்குநேர் வந்தால் அந்த இடம் தவறு என்று தள்ளிவிடலாம். எஞ்சியவற்றைச் சோதிக்க டூரிங் வடிவமைத்த பாம்ப் என்ற இயந்திரம் 1940இல் இயங்கத் தொடங்கியது.

பழக்கத்தால் உண்டாகும் இந்த ஓட்டை இன்றும் அடைபடவில்லை. 2018இல் சிங்ஹெல்த் கணினிகளில் ஊடுருவியவர்கள் 1.5 மில்லியன் நோயாளிகளின் விவரங்களைத் திருடினர். எளிதில் ஊகிக்கக்கூடிய மறைச்சொல்லையும் ஊழியர் சிலர் காலந்தாழ்த்தியதையும் விசாரணைக் குழு சுட்டிக்காட்டியது.

சிங்கப்பூர் வீழ்ந்த அதே 1942 பிப்ரவரியில் ஜெர்மானிய நீர்மூழ்கிக் கப்பல்கள் எனிக்மாவில் நான்காவது சக்கரத்தைச் சேர்த்தன. ஏறத்தாழப் பத்து மாதங்கள் பிளெட்ச்லி பார்க்கால் அவற்றின் செய்திகளைப் படிக்க இயலவில்லை. அட்லாண்டிக் கடலில் சரக்குக் கப்பல்கள் ஒவ்வொன்றாக மூழ்கின. அக்டோபரில், மூழ்கிக்கொண்டிருந்த ஜெர்மானியக் கப்பலுக்குள் இறங்கிச் சங்கேத ஏடுகளை எடுத்துக்கொடுத்த இரு பிரிட்டிஷ் மாலுமிகள் அதனோடு மாண்டனர். அந்த ஏடுகளின் உதவியால் டிசம்பரில் செய்திகள் மீண்டும் விளங்கின.

பிரிட்டனின் பூட்டும் உறுதியாக இருக்கவில்லை. அதன் கப்பல் குறியீடு ஒன்றை ஜெர்மானியர் 1943 வரை படித்துவந்தனர். அவ்வாண்டு டூரிங் அமெரிக்காவில், தலைவர்களின் தொலைபேசி உரையாடலைக் காக்கும் கருவியில் குறை உண்டா என்று ஆராய்ந்தார். பின்னர்த் தாமே அத்தகைய கருவி ஒன்றை உருவாக்கினார்.

நாட்டின் இரகசியங்களைக் காத்தவரை நாடு காக்கவில்லை. 1952இல், தன்பாலின உறவைக் குற்றமாகக் கருதிய அன்றைய சட்டத்தின்படி நீதிமன்றம் அவரைத் தண்டித்தது. இரகசியப் பணிக்கான அனுமதியும் பறிக்கப்பட்டது. 1954 ஜூன் 7ஆம் நாள், 41 வயதில் அவர் இறந்தார். 2013இல்தான் அரச மன்னிப்பு வழங்கப்பட்டது.

போத்தனூரில் பிறந்த அந்தத் தாயார் 1959இல் மகனின் வாழ்க்கை வரலாற்றை எழுதினார். போர்க்காலப் பணி அப்போதும் இரகசியமாகவே இருந்ததால், மகன் செய்த மிகப்பெரிய வேலையை அவரால் அதில் விவரிக்க முடியவில்லை.